காலண்டருக்குப் பின்னால் ஒரு கடிதம்

வணக்கம் நேயர்களே. மலேசியாவில், நம் சுங்கை சிப்புட்டில் எந்த வீட்டுக் கூடத்துக்குப் போனாலும் சுவரில் ஒரு காலண்டர் தொங்கும். அதன் பின்னால் கை விட்டுப் பாருங்கள். தண்ணீர் பில், போன வருஷத்துக் கல்யாணப் பத்திரிகை, அப்புறம் பிரிக்காத பழுப்பு உறை ஒன்று. கோர்ட்டிலிருந்து வந்தது. பிரித்தால்தானே தொல்லை என்று செருகி வைத்தது. கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளராக இருந்த காலம் முழுக்க இந்த உறையோடுதான் எனக்குச் சண்டை.

இன்றைக்குப் பேசப்போவது திவாலைப் பற்றி. ஒருவர் திவாலாகிவிட்டால், அவர் மேல் ஏற்கெனவே நடக்கும் கோர்ட் வசூல் என்ன ஆகும்?

ஒரு தையல்காரரைச் சொல்கிறேன். தோட்டத்தை விட்டு டவுனுக்கு வந்து கடை போட்டவர். துணி மொத்த வியாபாரிக்குப் பாக்கி. போதாததற்கு மச்சான் வியாபாரத்துக்கு எடுத்த லோரிக்குக் கேரண்டி கையெழுத்து. துணி வியாபாரி முந்திக்கொண்டு தீர்ப்பு வாங்கி, ஜப்தி உத்தரவும் வாங்கிவிட்டார். கோர்ட்டின் ஜப்தி அதிகாரியான பைலிஃப் வந்து ஐஸ்பெட்டியிலும் துணிக்கட்டுகளிலும் நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போனார். அந்த ஐஸ்பெட்டிக் கதவில் பிள்ளைகள் ஒட்டிய பூப்படம் இருந்தது. நோட்டீஸ் அதன் மேலேயே ஒட்டப்பட்டிருந்ததாம்.

லெலோங், அதாவது ஏலம் போடும் நாள் வருவதற்குள், லோரிக்குக் கடன் கொடுத்த கம்பெனி உயர் நீதிமன்றத்தில் அவரைத் திவாலாக்கிவிட்டது. துணி வியாபாரி கோர்ட் வாசலில் என்னைப் பிடித்துக்கொண்டார். "நான்தானே முதலில் வந்தேன்? சாமான் என்னுடையதுதானே?"

இல்லை. ஜப்தி செய்தால் மட்டும் போதாது. திவால் உத்தரவுக்கு முன்பே, திவால் மனு போட்டது தெரியாமலே, விற்றும் முடித்திருந்தால் அந்தப் பணம் அவருக்கு. பாதியில் நின்றால் சாமான், திவாலானவரின் சொத்தைக் கவனிக்கும் அரசு அதிகாரியான இன்சோல்வென்சி தலைமை இயக்குநரிடம் போகும். வியாபாரியும் மற்றவர்களோடு சேர்ந்து கடனை நிரூபித்துப் பங்கு கேட்க வேண்டியதுதான். தையல்காரர் மனைவி மெதுவாகக் கேட்டார்: "அப்படின்னா ஐஸ்பெட்டி திரும்பக் கிடைக்குமா ஐயா?" கிடைக்காதும்மா என்றேன். பொதுப் பானைக்குப் போகும். தையல் மெஷின் மட்டும் தப்பித்தது. குறிப்பிட்ட மதிப்புக்குள் இருக்கும் தொழில் கருவியைச் சட்டம் விட்டுவைக்கிறது.

இதைத் திரும்பவும் சொல்கிறேன், சமையல்கட்டில் இருப்பவர்களுக்கும் கேட்கட்டும். திவால் உத்தரவு வந்ததும் கடன் அழிவதில்லை. கடன் கொடுத்தவர்கள் ஆளுக்கொரு பக்கம் வழக்கு போடுவதும் ஜப்தி செய்வதும்தான் நிற்கும். அதற்குப் பிறகு கோர்ட் அனுமதி இல்லாமல் தொட முடியாது. வீட்டை அடமானம் வைத்திருந்தால் கதையே வேறு. அடமானம் பிடித்த பேங்க் யாருக்காகவும் காத்திருக்காது, வீட்டை விற்கலாம்.

அப்போதெல்லாம் 30,000 வெள்ளி (ரிங்கிட்) கடனுக்கே திவாலாக்கலாம். 2017-இல் அது 50,000 ஆனது. 2021 செப்டம்பரிலிருந்து நிரந்தரமாக ஒரு லட்சம். இதைக் கேட்டுவிட்டு, "என் கடன் 60,000தான், ஒன்றும் செய்ய முடியாது" என்று தேநீர்க் கடையில் சொல்பவர்கள் உண்டு. தப்பு! கடன் கொடுத்தவர் உங்களைத் திவாலாக்க முடியாது, அவ்வளவுதான். ஜப்தி வரும், பேங்க் கணக்கைப் பிடிக்கும் உத்தரவும் வரும். திவால் தரும் அந்தத் தடுப்பும் உங்களுக்கு இருக்காது.

சரி, உறைக்கு வருவோம். திவால் நோட்டீஸ் கைக்கு வந்தால் ஏழு நாள். அதற்குள் கட்ட வேண்டும், அல்லது பேசித் தீர்க்க வேண்டும். காலண்டருக்குப் பின்னால் அந்த ஏழு நாள் வேகமாக ஓடும். திவாலாவதற்கு முன்பே கடன் கொடுத்தவர்களோடு பேசித் திருப்பிக் கட்டும் திட்டமான சுய விருப்ப ஏற்பாட்டுக்கு விண்ணப்பித்து இடைக்கால உத்தரவு வாங்கினால், 90 நாள் யாரும் வழக்கை நகர்த்த முடியாது. கடனைச் சீரமைக்க ஏகேபிகே என்ற கடன் ஆலோசனை நிறுவனம் இருக்கிறது. இதை விரிவாகச் சொல்லத்தான் குறிப்பு எழுதி வந்தேன்...

ஸ்டூடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தங்கச்சி கையைக் காட்டுகிறார். ஒரு நிமிடமாம். கேரண்டி விஷயம் மட்டும். பிள்ளையின் படிப்புக் கடன், சொந்த உபயோகக் கார், குடியிருக்கும் வீடு இவற்றுக்கு லாப நோக்கமில்லாமல் கையெழுத்துப் போட்டவரை 2017-லிருந்து திவாலாக்க முடியாது. மற்ற கேரண்டிக்காரர் என்றால், முதலில் கடன் வாங்கியவரிடம் எல்லா வழியிலும் வசூலித்துப் பார்த்து, கோர்ட் அனுமதியும் வாங்க வேண்டும். நம் தையல்காரர் போட்டது லோரிக்கு. அதுவும் அந்தச் சட்டம் வருவதற்கு முன்னால். நன்றி நேயர்களே, வணக்கம்.