சைக்கிள் மிதித்தால் கர்ப்பப்பை இறங்கிவிடுமா?

அடுத்த கேள்வி முக்கூடலில் இருந்து ஒரு தங்கச்சி அனுப்பியிருக்கிறார். இரண்டாவது பிரசவமாகி 7 மாதம், சுகப்பிரசவம்தான். பீடிக்கடைக்குச் சைக்கிளில் போய்வருகிறார். இருமினால், தும்மினால் இரண்டு சொட்டு சிறுநீர் வந்துவிடுகிறதாம். சீட்டில் உட்கார்ந்தால் அந்த இடம் மரத்தும் போகிறதாம். "சைக்கிள் மிதித்தால் கர்ப்பப்பை இறங்கிவிடும் என்று அத்தை திட்டுகிறார்கள், நிறுத்திவிடவா?" என்று கேட்கிறார்.

நிறுத்த வேண்டாம்மா. சீட்டைச் சரிபண்ணினால் போதும்.

இடுப்புக்கு அடியில், முன் எலும்பிலிருந்து வால் எலும்பு வரை நார்க்கட்டில் மாதிரி தசை பின்னியிருக்கிறது. சிறுநீர்ப்பை, கர்ப்பப்பை, மலக்குடல் எல்லாவற்றையும் அதுதான் தாங்குகிறது. பிள்ளை பெறும்போது அது இழுபட்டுத் தொய்ந்துவிடும். ஓடும்போதும் குதிக்கும்போதும் ஒவ்வொரு அடிக்கும் அந்தத் தசை அதிரும். சைக்கிளில் உடம்புப் பாரத்தை சீட் வாங்கிக்கொள்வதால் அந்த அதிர்வு குறைவு. ஆனால் ஆனி ஆடியில் மேற்கே பார்த்து மிதிக்கிறீர்கள், செங்கோட்டைக் கணவாய்க் காற்று எதிரே தள்ளுகிறது. அப்போது மூச்சைப் பிடித்து முக்கக் கூடாது, வயிற்றின் அழுத்தம் அப்படியே கீழே இறங்கும். மூச்சை விட்டுக்கொண்டே மிதியுங்கள். முடியவில்லையா, இறங்கித் தள்ளிக்கொண்டு போங்கள்.

மரத்துப் போவதற்குக் காரணம் சீட். பெஞ்சில் உட்கார்ந்து உள்ளங்கையை அடியில் வைத்துப் பாருங்கள், இரண்டு எலும்பு குத்தும். பாரம் அந்த இரண்டில்தான் இறங்க வேண்டும். சீட் குறுகலாக இருந்தாலோ மூக்கு மேலே தூக்கியிருந்தாலோ பாரம் நடுவில் விழுந்து, அங்கே ஓடும் நரம்பையும் ரத்தக்குழாயையும் நசுக்கும். மெத்தென்று இருக்கட்டும் என்று பஞ்சு உறை வாங்கிப் போடுவார்கள். எலும்பு அதில் புதைந்து நடுப்பகுதி இன்னும் அழுந்தும். நிமிர்ந்து உட்கார்ந்து ஓட்டுகிறவர்களுக்குப் பழைய அகலமான ஸ்பிரிங் சீட்டே நல்லது. சைக்கிள் கடையில் சொன்னால் நட்டைத் தளர்த்தி மட்டமாக வைத்துக் கொடுப்பார்கள். உயரத்தையும் பார்க்கச் சொல்லுங்கள்: பெடல் கீழே இருக்கும்போது குதிகாலை வைத்தால் கால் நேராக வர வேண்டும். எட்டி எட்டி மிதித்தால் இடுப்பு இரண்டு பக்கமும் ஆடி உரசும். நடுநடுவே சீட்டை விட்டு எழுந்து மிதியுங்கள்.

சொட்டு நிற்பதற்குப் பயிற்சி இருக்கிறது. சிறுநீரையும் வாயுவையும் அடக்குவது போல உள்ளே இழுத்துப் பிடியுங்கள். 5 எண்ணி விடுங்கள், விடும்போது முழுசாகத் தளர வேண்டும். 8 அல்லது 10 தடவை, நாளைக்கு 3 வேளை. பீடி சுற்றும்போதே செய்யலாம், சுளகு மடியில் இருப்பது தடையில்லை. குறைந்தது 3 மாதம் செய்ய வேண்டும். சிறுநீர் போகும்போது பாதியில் நிறுத்திப் பழகாதீர்கள்.

என்னைக் கேட்டால், அத்தை திட்ட வேண்டியது கனமான தண்ணீர்க் குடம் தூக்குவதையும் மலச்சிக்கலையும்தான். எழுந்து போகச் சோம்பி நாள் முழுக்கத் தண்ணீர் குடிக்காமல் இருந்தால் மலம் இறுகும், தினமும் முக்க வேண்டிவரும்.

கீழே கனமாக இழுக்கிறது, கழுவும்போது கையில் ஏதோ தட்டுப்படுகிறது, சீட்டை மாற்றியும் மரப்பு போகவில்லை என்றால் மகப்பேறு மருத்துவரைப் பாருங்கள். கூச்சப்பட்டுத் தள்ளிப்போட வேண்டாம். பிரசவமாகி 6 வாரம்கூட ஆகாதவர்கள், தையல் ஆறாதவர்கள், டாக்டர் பார்த்துச் சரி என்ற பிறகு சைக்கிள் எடுத்தால் போதும்.