தபசு மரத்தின் கீழே

(கிருஷ்ணகிரியில் ஒரு மாலைக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம். ஓசூர் சிப்காட்டில் ஷிப்ட் முடித்து, யூனிஃபார்மோடேயே பின்வரிசையில் வந்து உட்கார்ந்திருக்கிற தம்பிகளிடமிருந்து ஆரம்பிக்கிறேன். வேலைக்குப் போகும்போது ஒரு பஞ்ச், வெளியே வரும்போது ஒரு பஞ்ச். அவ்வளவுதானே உங்களுக்கு? தைவானில் பிறந்து நியூயார்க்குக்குப் போன தெஷிங் ஷே என்ற கலைஞர், 1980 ஏப்ரலில் தொடங்கி ஒரு வருஷம், மணிக்கொரு தடவை கார்டு பஞ்ச் பண்ணினார். நடுராத்திரி ஒரு மணிக்கு, இரண்டுக்கு, மூன்றுக்கு. அதுதான் அவருடைய படைப்பு. உடம்பால் தாங்கிக் காட்டுவதையே படைப்பாக்கும் நிகழ்த்துக் கலை இது. 8,760 தடவை பண்ணியிருக்க வேண்டும், 133 தவறிவிட்டது. அதில் 94 தூங்கிப்போனதால். அதையும் மறைக்காமல் கணக்கெழுதி வைத்தார். எனக்கு அந்த 94-தான் ரொம்பப் பிடித்திருக்கிறது.

அதெல்லாம் அறைக்குள். 1981 செப்டம்பரில் மனுஷன் வீதிக்கே வந்துவிட்டார். ஒரு வருஷம் எந்தக் கூரைக்குக் கீழும் போவதில்லை என்று விரதம் மாதிரி ஒரு விதி. கட்டடம், ரயில், கார் எதுவும் கிடையாது, கூடாரம்கூடக் கிடையாது. நியூயார்க் குளிரில்! போலீஸ் பிடித்து உள்ளே வைத்திருந்த 15 மணி நேரம் மட்டும்தான் விதி உடைந்தது.

“நம்ம பஸ் ஸ்டாண்டில் படுத்திருக்கிறவன் வருஷக்கணக்கா இதைத்தானே பண்றான், அவன் கலைஞனா?” என்று முன்வரிசையில் ஒரு பெரியவர் முணுமுணுக்கிறார். நியாயம்தான் ஐயா. இவர் தானாகத் தேர்ந்தெடுத்தார், அவனுக்கு வேறு போக்கிடமில்லை. இந்த பதில் எனக்கே முழுசாகத் திருப்தி தரவில்லை.

ஆனால் இந்தப் பக்கத்தில் பாரதக் கூத்து பார்த்து வளர்ந்தவர்களுக்கு இது அந்நியமான விஷயமில்லை. அர்ச்சுனன் தபசை நினைத்துப் பாருங்கள். உயரமாக நட்ட தபசு மரத்தில் கூத்தாடி பாடிக்கொண்டே ஏறுவார். நான் அப்பாவின் தோளில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். பாதி மரத்தில் அவர் கணுக்கால் நடுங்கியது. நடுங்கியது அர்ச்சுனனா, கூத்தாடியா? கீழே பிள்ளைவரம் கேட்டு வந்த பெண்கள், மேலிருந்து விழப்போகும் எலுமிச்சம்பழத்துக்கு மடியேந்தி நின்றார்கள். கடலை விற்றவர்கூடக் கூவுவதை நிறுத்திவிட்டார். அவர் உச்சிக்குப் போகும்வரை நாங்களும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தோம். பார்க்கிறவனையும் தாங்க வைப்பதுதான் இந்தக் கலை.

கூத்தில் ஊருக்குக் கதை தெரியும். நகரத்து வீதியில் கதையை யாரும் சொல்லித் தருவதில்லை. 2013 ஜூனில், போராட்டக்காரர்களைப் போலீஸ் அப்புறப்படுத்தியிருந்த இஸ்தான்புல் தக்சிம் சதுக்கத்தில், எர்டெம் குண்டுஸ் என்ற நடனக் கலைஞர் வந்து சும்மா நின்றார். கோஷமில்லை, பதாகையில்லை. சுமார் எட்டு மணி நேரம். கொஞ்சம் கொஞ்சமாக நூற்றுக்கணக்கானவர்கள் பக்கத்தில் வந்து நின்றுவிட்டார்கள். சும்மா நிற்கிறவனை எதற்கென்று விரட்டுவது?

போன மாம்பழ சீசனில் நானும் நம் பஸ் ஸ்டாண்டில் நின்று பார்த்தேன். ஒரு மணி நேரம், அசையாமல், பேசாமல் என்று கணக்கு. பத்து நிமிஷத்தில் ஒரு கண்டக்டர், “சார், சேலமா, தர்மபுரியா?” என்றார். பதில் சொல்லவில்லை. மாம்பழக் கூடைக்காரம்மா ரொம்ப நேரம் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் எழுந்து வந்து, தான் உட்கார்ந்திருந்த ஸ்டூலை என் பின்னால் போட்டு, “எவ்ளோ நேரம் கண்ணு நிப்ப, உக்காரு” என்றார்.

பதினெட்டாவது நிமிஷம். உட்கார்ந்துவிட்டேன்.

ஷேயின் கணக்கு நோட்டில் இதை எந்தக் கட்டத்தில் எழுதுவார்கள் என்று தெரியவில்லை.