சாணி உரத்தில் முளைக்கும் முட்டைக் கிண்ணம்

பெரியவர்களே, மாடித்தோட்டம் போடும் அக்கா தங்கைகளே, வணக்கம்.

காளானைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன் என்றதும் பின்வரிசையில் ஒரு தம்பி, "பிரியாணியா, மஞ்சூரியனா?" என்று கேட்டார். ரெண்டும் இல்லை தம்பி. இந்தக் காளானைப் பெரம்பூர் முழுக்கப் பொறுக்கினாலும் ஒரு வாய்க்குக் காணாது. உயரமே ஒரு சென்டிமீட்டர் இருந்தால் பெரிய விஷயம்.

கொருக்குப்பேட்டை, வியாசர்பாடிப் பக்கம் இன்னமும் மாடு வைத்திருப்பவர்களிடம் சாணி உரம் வாங்கித் தொட்டியில் போடுகிறீர்கள். ஐப்பசி மழை நாலு நாள் விடாமல் பெய்த பிறகு குனிந்து பாருங்கள். பழுப்பாக, ரோமம் வைத்த சின்னக் கிண்ணம். அதற்குள் கறுப்பாகச் சில உருண்டைகள். உடனே "பூச்சி முட்டை வைத்துவிட்டது" என்று வேப்பெண்ணெயைக் கரைத்துவிடுகிறோம். பாவம், அது பூச்சியே இல்லை. பறவைக்கூட்டுக் காளான். சாணியில் வளரும் இந்த இனத்துக்கு அறிவியல் பெயர் சயாத்தஸ் ஸ்டெர்கோரியஸ். கடையில் விற்கும் பட்டன் காளானுக்குத் தூரத்துச் சொந்தம்.

கிண்ணத்தின் வாய் அரை சென்டிமீட்டர் சுமாருக்கு இருக்கும். இளசாக இருக்கும்போது மேலே மெல்லிய வெள்ளை மூடி; முற்றியதும் அது கிழிந்து திறக்கும். உள்ளே இருப்பவை முட்டையல்ல, வித்துத்தூள் (ஸ்போர்) அடைத்த உறைகள். பெரும்பாலான காளான்கள் வித்துகளைக் காற்றில் விடுகின்றன. இது மழைக்குக் காத்திருக்கிறது. ஒரு பெரிய துளி கிண்ணத்துக்குள் நேராக விழுந்தால் போதும், தண்ணீர் சரிந்த சுவரில் மோதி மேலே தெறிக்கும். உறையையும் தூக்கிக்கொண்டு போகும். 2013இல் வந்த ஓர் ஆய்வில், இதன் நெருங்கிய சொந்தங்கள் இரண்டை அதிவேகக் கேமராவில் பிடித்துப் பார்த்தார்கள். உறை வினாடிக்கு 1 முதல் 5 மீட்டர் வேகத்தில் பாய்கிறது. அதற்குச் செலவாவது துளியின் இயக்க ஆற்றலில் நூற்றில் இரண்டு பங்குகூட இல்லை.

எனக்கு ரொம்பப் பிடித்தது அடுத்த கட்டம்தான். உறையின் அடியில் ஒரு நூல் சுருண்டு கிடக்கிறது, அதன் நுனியில் பசை. பறக்கும்போதும் நூல் சுருண்டேதான் இருக்கிறது. டீலில் அறுந்த காத்தாடியின் நூல் கேபிள் ஒயரில் மாட்டினால், காத்தாடி அதையே சுற்றிக்கொண்டு தொங்குமே, அதே கதைதான்: நுனி ஒரு புல்லில் ஒட்டியதும் நூல் பிரிந்து நீள, உறை சுண்டி இழுபட்டு அந்தப் புல்லையே சுற்றிக்கொள்கிறது. புல்லை மாடு மேயும். வித்து வயிற்றைக் கடந்து சாணியோடு வெளியே வரும். இந்த இனத்தின் வித்து நன்றாக முளைக்கச் சுமார் 40 டிகிரி சூடு வேண்டும். மாட்டின் உடம்புச் சூடும் ஏறக்குறைய அதுதான்!

ஐரோப்பாவில் 1601லேயே குளூசியஸ் என்ற தாவரவியலாளர் இவ்வகைக் காளானைப் பற்றி எழுதிவிட்டார். ஆனால் உள்ளே இருப்பது விதையா, அது எப்படி வெளியேறுகிறது என்பதில் பின்னால் வந்தவர்களுக்குள் ஒரே சண்டை. ஸ்பிரிங் மாதிரி ஏதோ தள்ளுகிறது என்றுகூட ஒருவர் எழுதினார். மழைத்துளிதான் காரணம் என்பதைச் சோதனை செய்து நிலைநாட்டியவர்களில் முக்கியமானவர் கனடாவின் ஹெரால்டு பிராடி. வாழ்நாளில் பெரும்பகுதியை இந்தச் சுண்டுக் கிண்ணத்துக்கே கொடுத்த மனிதர்.

சரி, செடிக்குக் கெடுதலா? இல்லை. மக்கிய சாணி, வைக்கோல், மரத்தூள் இவைதான் அதற்குச் சாப்பாடு; உயிருள்ள வேரைத் தொடாது. கிள்ளி எறிய வேண்டாம். இதைக் கேட்டுவிட்டுத் தொட்டியில் முளைக்கும் மற்ற நாய்க்குடையை யாரும் குழம்பில் போட்டுவிடாதீர்கள், அதில் விஷக் காளானும் இருக்கும்.

மூடி திறந்த கிண்ணம் கிடைத்தால் பிள்ளைகளைக் கூப்பிடுங்கள். சுற்றிலும் வெள்ளைத் தாள் விரித்து, இங்க் ஃபில்லரில் தண்ணீர் எடுத்து, நாற்காலி மேல் நின்று சொட்டுச் சொட்டாக விடச் சொல்லுங்கள். குறி தப்பும், விடாதீர்கள். ஸ்கூல் யூனிஃபார்மோடு மட்டும் வேண்டாம். சட்டையில் ஒட்டினால் சுரண்டித்தான் எடுக்க வேண்டும்.