பாதுகாப்புக் கேட்டு நீதிமன்றம் போகும் முன்

வணக்கம். 'காதல் ஜோடி பாதுகாப்புக் கேட்டுத் தஞ்சம்' என்ற செய்தியை நம் ஊர்ப் பேப்பரில் நீங்கள் எத்தனையோ தடவை படித்திருப்பீர்கள். சாதி மாறிக் கல்யாணம் செய்தவர்கள்தான் பெரும்பாலும். ஸ்டேஷனில் இரண்டு வீட்டாரையும் வரவழைத்துப் பேசி, 'பொண்ணு மேஜர், அவ இஷ்டம்' என்று எழுதி வாங்கி அனுப்பிவிடுகிறார்கள். ஆபத்து பல நேரம் அதற்கப்புறம்தான் ஆரம்பிக்கிறது. ஒரு வழக்கறிஞராக இந்தப் பிள்ளைகளிடம் நான் முதலில் கேட்பது, "மிரட்டலைப் பற்றி எழுத்தில் புகார் கொடுத்தீர்களா?" என்பதுதான்.

ஏனென்றால், அரசியலமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ ரிட் மனு (போலீஸுக்கு உத்தரவிடும்படி கேட்கும் மனு) போட்டால் நீதிபதியும் முதலில் அதைத்தான் கேட்பார்: போலீஸிடம் போனீர்களா, அவர்கள் என்ன செய்தார்கள்? வாயால் சொன்னது அங்கே நிற்காது. யார் மிரட்டினார், எந்த நாள், போனிலா நேரிலா, என்ன வார்த்தை சொன்னார் என்று எல்லாம் எழுதி, வயதுச் சான்றும் கல்யாணச் சான்றும் சேர்த்துக் கொடுத்து, சி.எஸ்.ஆர். ரசீதை, அதாவது புகார் பெற்றுக்கொண்டதற்கான ரசீதை, கேட்டு வாங்குங்கள். வாங்க மறுத்தால் அதே மனுவை எஸ்.பி.க்கோ கமிஷனருக்கோ தபாலில் அனுப்பி, அனுப்பிய ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். மிரட்டல் குரல் பதிவு இருந்தால் அழிக்கவே அழிக்காதீர்கள்.

2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டை பேருந்து நிலையத்துக்கு அருகே, பட்டப்பகலில், சாதி மறுத்து மணந்த ஓர் இளைஞரை வெட்டிக் கொன்றார்கள், உடனிருந்த மனைவியையும் வெட்டினார்கள். சரியாக ஒரு மாதத்தில், வேறொரு வழக்கில், சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி வி.இராமசுப்பிரமணியன் இப்படிப்பட்ட ஜோடிகளின் புகாரைக் கவனிக்க மாவட்டத்துக்கு ஒரு தனிப்பிரிவு வேண்டும், 24 மணி நேர உதவி எண் வேண்டும் என்று உத்தரவிட்டார். 2018 மார்ச்சில், ஆணவக் கொலைகள் பற்றிய சக்தி வாஹினி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதையே நாடு முழுமைக்கும் சொன்னது. மிரட்டல் புகாரைக் கூடுதல் எஸ்.பி. தகுதியில் ஒருவர் விசாரித்து ஒரு வாரத்தில் அறிக்கை தரவேண்டும், தங்கப் பாதுகாப்பான இல்லம் தரவேண்டும், முதலில் ஒரு மாதம், தேவைப்பட்டால் ஓராண்டு வரை நீட்டிக்கலாம். உங்கள் புகாரிலேயே இந்தத் தீர்ப்பைக் குறிப்பிட்டு இல்லம் கேளுங்கள், கேட்காமல் யாரும் தருவதில்லை, இது எனக்குத் தீராத கோபம்.

இன்னொன்று. கல்யாணத்தை ஊரறியச் செய்தால்தான் செல்லும் என்று பயந்து வெளியே தலைகாட்டாதீர்கள். சுயமரியாதைத் திருமணத்துக்கு ஊர் கூட்டி அறிவிக்கத் தேவையில்லை, வழக்கறிஞர்கள் நண்பர்கள் என்ற முறையில் நடத்திவைக்கலாம் என்று 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. சிறப்புத் திருமணச் சட்டத்தில் முப்பது நாள் நோட்டீஸ் உண்டு, அலுவலகத்தில் ஒட்டுவார்கள். மிரட்டல் இருக்கும்போது அந்த முப்பது நாள் ரொம்ப நீளம்.

சரி, உத்தரவு வந்துவிட்டது. அதோடு ஓயாதீர்கள், இங்கேதான் நிறையப் பேர் அசந்துவிடுகிறார்கள். பல உத்தரவுகளில் 'மனுவைப் பரிசீலித்து, அச்சுறுத்தல் இருந்தால் பாதுகாப்பு கொடு' என்றுதான் இருக்கும், வாசலில் ஒரு கான்ஸ்டபிள் வந்து நிற்பார் என்று அர்த்தமில்லை. ஆகவே உத்தரவின் நகலைக் கையோடு ஸ்டேஷனில் கொடுத்து ஒப்புகை வாங்கி, இன்ஸ்பெக்டரின் செல் எண்ணையும் வாங்குங்கள். வீடு மாறினால் புது ஸ்டேஷனுக்கும் கொடுங்கள். புதிதாக மிரட்டல் வந்தால் புதிதாகப் புகார். 'சும்மா பேசத்தான் அப்பா வந்திருக்கிறார், வாங்க' என்று ஸ்டேஷனிலிருந்து கூப்பிட்டால் வழக்கறிஞர் இல்லாமல் போகாதீர்கள். உத்தரவை மீறினால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம்.

வக்கீல் ஃபீஸுக்குப் பணமில்லை என்று நின்றுவிடாதீர்கள். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு, எண் 15100. இந்த நிமிஷமே ஆபத்து என்றால் 112.