பிள்ளை சொன்னதற்கு யார் பதில் சொல்வது?

நேயர்களுக்கு வணக்கம்.

மதுரையிலும் சுற்றியுள்ள ஊர்களிலும் பள்ளிக்கூடம், அங்கன்வாடி, குழந்தைகள் இல்லம் என்று பல வருஷங்களாகப் போய்வருகிறவள் நான். பிள்ளைகளைப் பேசவிட வேண்டும் என்று இப்போது எல்லோரும் சொல்கிறோம். குழந்தைகள் தினத்தன்று மேடையேற்றிப் பேசவும் வைக்கிறோம். அப்படிப் பேசியதற்கு அப்புறம் என்ன நடக்கிறது? அதைப் பற்றித்தான் இன்று சொல்ல வந்தேன். ஒரு பிள்ளை மனசைத் திறந்து ஒன்றைச் சொல்லி, அதற்குப் பதிலே வரவில்லை என்றால் அடுத்த தடவை அது வாய் திறக்காது. அதைவிட, கேட்காமலே இருந்திருக்கலாம் என்பது என் எண்ணம்.

அரசுப் பள்ளிகளில் ‘மாணவர் மனசு’ என்று ஒரு பெட்டி வைத்திருக்கிறார்கள். குறை இருந்தால் பிள்ளைகள் எழுதிப் போடலாம். நல்ல ஏற்பாடு. எந்தப் பள்ளிக்குப் போனாலும் அந்தப் பெட்டி எங்கே மாட்டியிருக்கிறது என்றுதான் முதலில் பார்ப்பேன். தலைமை ஆசிரியர் அறை வாசலில், போகிறவர் வருகிறவர் எல்லோர் கண்ணிலும் படுகிற இடத்தில் இருந்தால் எந்தப் பிள்ளை சீட்டுப் போடும்? மாடிப்படி திரும்புகிற இடத்திலோ தண்ணீர்க் குழாய்ப் பக்கமோ இருந்தால் போடும். அடுத்தது, சாவி யார் கையில் இருக்கிறது, எந்தக் கிழமை திறக்கிறார்கள் என்பது. அப்புறம் கையெழுத்து. வருஷம் முழுக்க நோட்டுத் திருத்துகிற டீச்சருக்குச் சீட்டைப் பார்த்ததுமே யார் எழுதியது என்று தெரிந்துவிடும். பிள்ளைக்கும் அது நன்றாகவே தெரியும். அதனால் பெட்டியைத் திறக்கும்போது பெற்றோரில் ஒருவராவது கூட இருக்க வேண்டும். ‘இது யார் எழுத்து?’ என்ற பேச்சே அங்கே எழக் கூடாது.

எழுதிய பிள்ளைக்குப் பதிலும் போய்ச்சேர வேண்டும். அறிவிப்புப் பலகையில் இரண்டு வரி எழுதினால் போதும். ‘பெண்கள் கழிப்பறைக்குத் தாழ்ப்பாள் வேண்டும் என்று கேட்டிருந்தீர்கள். புதன்கிழமைக்குள் போட்டுவிடுவோம்.’ செய்ய முடியாத காரியம் என்றால் அதையும் எழுதுங்கள்: ‘இந்த வருஷம் முடியாது, காரணம் இது.’ காரணம் சொன்னால் பிள்ளைகள் புரிந்துகொள்வார்கள். நான் பார்த்தவரைக்கும் பெரியவர்களைவிட நன்றாகவே புரிந்துகொள்கிறார்கள்.

இது பெரியவர்கள் மனமிரங்கிச் செய்கிற தயவு இல்லை. ஐக்கிய நாடுகள் சபை 1989 நவம்பர் 20 அன்று குழந்தைகள் உரிமை உடன்படிக்கையை ஏற்றது. 1992 டிசம்பரில் இந்தியாவும் அதில் சேர்ந்தது. அதன் 12ஆவது பிரிவு, தன்னைப் பாதிக்கிற எந்த விஷயத்திலும் கருத்துச் சொல்லப் பிள்ளைக்கு உரிமை தருகிறது. வயதுக்கும் முதிர்ச்சிக்கும் ஏற்ப அந்தக் கருத்துக்கு மதிப்புத் தர வேண்டும் என்றும் சொல்கிறது. நம்முடைய 2009ஆம் வருஷத்துக் கல்வி உரிமைச் சட்டமோ, பிள்ளை பயமில்லாமல் தன் கருத்தைச் சொல்லப் பாடத்திட்டமே உதவ வேண்டும் என்கிறது. பள்ளியில் அடிப்பதும் மனம் நோகப் பேசுவதும் அதே சட்டத்தின் 17ஆவது பிரிவின்படி கூடாது. ஆனால் இன்றைக்கும் நம் ஊரில் சேர்க்கைக்கு வருகிற அப்பா சொல்வது என்ன? ‘கண்ணை மட்டும் விட்டுட்டுத் தோலை உரிச்சிருங்க சார்.’ பாசத்தில் சொல்கிறார், பையன் நல்லா வரணும் என்றுதான் சொல்கிறார். ஆனால் பக்கத்தில் நிற்கிற பையன், இனி அடி விழுந்தாலும் வீட்டில் போய்ச் சொல்லிப் பிரயோஜனமில்லை என்று அந்த நிமிஷத்தில் தெரிந்துகொள்கிறான்.

பேசத் தெரியாத பிள்ளையை எப்படிக் கேட்பது என்று அங்கன்வாடிப் பணியாளர்கள் என்னிடம் கேட்பதுண்டு. உண்மையில் அவர்களுக்குத்தான் அது நன்றாகத் தெரியும். காலையில் வாசலில் அழுவது எல்லாப் பிள்ளையும் செய்வது. தினமும் ஒரே நேரத்தில் அழுகிற பிள்ளை வேறு எதையோ சொல்கிறது. தூங்கவைக்கும்போது ஒரு மூலையில் மட்டும் படுக்க மாட்டேன் என்கிற பிள்ளை, சோற்றை ஒதுக்கிவிட்டு முட்டையை மட்டும் தின்கிற பிள்ளை, ஒருவர் கூப்பிட வந்தால் ஓடி, இன்னொருவர் வந்தால் டீச்சர் சேலைக்குப் பின்னால் ஒளிகிற பிள்ளை, இவர்கள் எல்லோரும் பேசிக்கொண்டுதான் இருக்கிறார்கள். பாயை இடம் மாற்றிப் போட்டுப் பார்ப்பதும், கூப்பிட வருவது யார் என்று அம்மாவிடம் விசாரிப்பதும் அந்தப் பேச்சுக்கு நாம் சொல்லும் பதில்.

இத்தாலி நாட்டுக் கல்வியாளர் மரியா மாண்டிசோரி அம்மையார் 1939இல் சென்னை அடையாறுக்கு வந்தார். உலகப் போர் நடந்த அந்த நாட்களில் இரண்டு வருஷம் போலக் கொடைக்கானலில் இருந்தார். அப்போது கொடைக்கானல் மதுரை மாவட்டத்தில்தான் இருந்தது. சொல்லிக்கொடுக்கும் முன்னால் பிள்ளையைக் கவனித்துப் பார் என்பது அவர் கல்விமுறையின் அடிப்படை. நம் மலையில் தங்கியிருந்தவர் சொன்ன அந்தப் பாடம் மலையடிவாரத்துக்கு இன்னும் முழுசாக இறங்கி வரவில்லையே என்று எனக்கு வருத்தம் உண்டு.

முதலமைச்சரின் காலை உணவுத் திட்டம் 2022 செப்டம்பர் 15 அன்று தொடங்கியது நம் மதுரை நெல்பேட்டை ஆதிமூலம் மாநகராட்சித் தொடக்கப் பள்ளியில்தான். நமக்குப் பெருமையான விஷயம். அந்தப் பெருமையோடு ஒரு வேலையும் இருக்கிறது. எந்தக் கிழமை தட்டில் மிச்சம் விழுகிறது, எந்தக் கிழமை இரண்டாவது தடவை கேட்கிறார்கள் என்று சமைக்கிற அக்காக்களுக்குத் தெரியும். அவர்களிடம் கேளுங்கள், பிள்ளைகளிடமும் கேளுங்கள்.

இன்னொன்று. ‘அவய்ங்க என்னைய அடிச்சுப்புட்டாய்ங்க டீச்சர்’ என்று அழுதுகொண்டு வருகிற பிள்ளையிடம், ‘ஒழுங்காப் பேசு, அவர்கள் என்று சொல்லு’ என்று திருத்தினால் அந்தப் பிள்ளை விஷயத்தையே முழுங்கிவிடும். வீட்டில் சௌராஷ்டிரம் பேசுகிற பிள்ளைக்கும், வேலைக்காக வடக்கேயிருந்து வந்த குடும்பத்துப் பிள்ளைக்கும் இது இன்னும் கஷ்டம். முதலில் விஷயத்தைக் கேட்போம், இலக்கணத்தை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

இனி வீட்டு விஷயத்துக்கு வருகிறேன். பாலியல் குற்றங்களிலிருந்து குழந்தைகளைக் காக்கும் 2012ஆம் வருஷத்துச் சட்டம், போக்சோ என்கிறோமே, அது ஒரு முறை வைத்திருக்கிறது. பிள்ளையின் வாக்குமூலத்தை அதன் வீட்டிலோ அது விரும்பும் இடத்திலோ வாங்க வேண்டும். கூடுமானவரை பெண் அதிகாரி வாங்க வேண்டும். அவர் சீருடையில் இருக்கக் கூடாது. பயந்த பிள்ளை பேசுவதற்கு என்னென்ன தேவை என்று அந்தச் சட்டம் யோசித்திருக்கிறது. ‘அந்த மாமா வீட்டுக்கு நான் வரலை’ என்று பிள்ளை சொன்னால் நாம் என்ன செய்கிறோம்? சொந்தக்காரங்களை அப்படிச் சொல்லக் கூடாது என்று வாயை அடைக்கிறோம். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். பக்கத்தில் உட்காருங்கள், கோபப்படாமல் கேளுங்கள், சொன்னதை நம்புங்கள். அன்றைக்கே அந்த வீட்டுப் போக்குவரத்தை நிறுத்துங்கள். யாரிடம் சொல்வது என்று தெரியவில்லை என்றால் 1098 என்ற குழந்தைகள் உதவித் தொலைபேசி எண் இருக்கிறது. எந்த நேரமும் கூப்பிடலாம், பிள்ளைகளே கூப்பிடலாம். அந்த எண்ணை அவர்களுக்கு மனப்பாடமாகச் சொல்லிக்கொடுங்கள்.

அரசுப் பள்ளிகளில் பள்ளி மேலாண்மைக் குழு இருக்கிறது. சட்டப்படி உறுப்பினர்களில் முக்கால் பங்கு பெற்றோர், மொத்தத்தில் பாதிப் பேர் பெண்கள். அதில் இருக்கிற தாய்மார்களிடம் ஒரு வேண்டுகோள். அடுத்த கூட்டத்தில் வரவு செலவைப் பேசுவதற்கு முன்னால் ஐந்தாம் வகுப்பிலிருந்தும் எட்டாம் வகுப்பிலிருந்தும் இரண்டிரண்டு பிள்ளைகளைக் கூப்பிட்டு உட்காரவையுங்கள். நன்றாகப் பேசுகிற பிள்ளைகளாகப் பார்த்து டீச்சர் அனுப்ப வேண்டாம், வகுப்பே தேர்ந்தெடுத்து அனுப்பட்டும். அவர்கள் சொன்னதை அவர்கள் வார்த்தையிலேயே தீர்மான நோட்டில் எழுதுங்கள். கூட்டம் கலைந்ததும் அந்த நாலு பேரிடம் போய் என்ன முடிவாயிற்று, எப்போது நடக்கும் என்று சொல்லிவிட்டு வாருங்கள்.

நன்றி, வணக்கம்.