தாலியோவின் முகம்

நேயர்களுக்கு வணக்கம். 'காசாபிளாங்கா' என்ற ஹாலிவுட் படத்தைப் பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி மறந்திருக்காது. "இங்கே சூதாட்டமா நடக்கிறது!" என்று போலீஸ் கேப்டன் பெரிய அதிர்ச்சியடைந்தவர் போலக் கூவுகிறார். அந்த நேரம் பார்த்துச் சூதாட்ட மேஜைக்காரர் வந்து, "நீங்கள் ஜெயித்த பணம், ஐயா" என்று நோட்டுகளைக் கையில் கொடுக்கிறார். கேப்டனும் நன்றி சொல்லி வாங்கிக்கொள்கிறார். அந்த மேஜைக்காரரின் பெயர் படத்தின் பெயர்ப்பட்டியலில் கிடையாது. அவர்தான் நடிகர் மார்செல் தாலியோ. அந்தப் படம் வந்தது 1942இல். மூன்றே ஆண்டுகளுக்கு முன்பு பிரான்சில், இயக்குநர் ழான் ரெனுவாரின் 'ஆட்டத்தின் விதிகள்' படத்தில் மாளிகைக்குச் சொந்தக்காரரான பிரபுவாக நடித்தவர் இவர்.

பாரீசில், ருமேனியாவிலிருந்து வந்து குடியேறிய யூதக் குடும்பத்தில் பிறந்தவர் தாலியோ. இயற்பெயர் இஸ்ரேல் மோஷே பிளாவுஷில்ட். குள்ளமான உருவம், சுருள்முடி, பெரிய கண்கள். இப்படி ஒரு முகம் இருந்தால் சினிமாக்காரர்கள் என்ன வேஷம் தருவார்கள்? 1937இல் வந்த 'பெப்பே ல மோக்கோ'வில் போலீசுக்குத் துப்புக் கொடுக்கும் ஆள்.

அதே 1937இல் ரெனுவார் 'மாபெரும் மாயை' எடுத்தார். முதல் உலகப் போர்க் கைதிகளின் கதை. அதில் தாலியோவுக்குப் பணக்கார யூதரான ரோசென்தால் வேடம். வீட்டிலிருந்து வரும் உணவுப் பார்சல்களைக் கூட இருப்பவர்களோடு பகிர்ந்து உண்பவன். சக கைதியாக நடிக்கும் ழான் காபனோடு தப்பிப் போகும்போது அவனுக்குக் கால் சுளுக்கிக்கொள்ளும், நடக்க முடியாது. இருவரும் வாய்க்கு வந்தபடி திட்டிக்கொண்டு பிரிகிறார்கள். பாறைமேல் உட்கார்ந்து தாலியோ ஒரு சிறுவர் பாட்டைக் கோபமாகக் கத்திப் பாடுகிறார். அழுகையை மறைக்கத்தான் அந்தக் கத்தல். காபன் திரும்பி வந்துவிடுகிறார்.

பிறகு 1939. 'ஆட்டத்தின் விதிகள்'. பிரபு வேடத்துக்கு யூதரான தாலியோவை ரெனுவார் தேர்ந்தெடுத்தது அப்போது பலருக்கும் பொறுக்கவில்லை. படத்திலேயே அதற்கு ஒரு பதில் இருக்கிறது. பிரபுவின் பாட்டனார் ஒரு ரோசென்தால், அதாவது யூதர் என்று சமையலறையில் வேலைக்காரர்கள் வம்பளக்கிறார்கள். சமையல்காரர் குறுக்கிட்டு, உருளைக்கிழங்கு சூடாக இருக்கும்போதே வெள்ளை ஒயினை ஊற்றவில்லை என்பதை நாக்கில் பட்டதுமே கண்டுபிடித்தவர் எங்கள் எஜமான், அவர்தான் உண்மையான பெரிய மனிதர் என்கிறார்.

அந்தப் பிரபு, விசை முடுக்கினால் பாடும் பொம்மைகளைச் சேர்ப்பவர். விருந்து நாளில், தான் புதிதாக வாங்கிய ராட்சத இசைப்பெட்டியைத் திரை விலக்கிக் காட்டுகிறார். கேமரா வண்ணப் பொம்மைகளின் மேல் மெல்ல நகர்ந்து அவர் முகத்தில் வந்து நிற்கும். பெருமை தாங்கவில்லை, அந்தப் பெருமை வெளியே தெரிகிறதே என்ற கூச்சமும் தாங்கவில்லை. ஒரு வசனம் கிடையாது. தான் எடுத்த ஷாட்டுகளிலேயே சிறந்தது அதுவாக இருக்கலாம் என்று ரெனுவார் பின்னாளில் சொன்னார். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அந்த இடத்தில் தொண்டை அடைக்கும்.

அந்த ஜூலையில் பாரீஸ் ரசிகர்கள் படத்தைக் கூச்சலிட்டு விரட்டினார்கள். ஒரு யூதர் பிரெஞ்சுப் பிரபுவா என்று யூத வெறுப்புப் பத்திரிகைகள் வசைபாடின. போர் மூண்டதும் படத்துக்கே தடை விழுந்தது.

1940இல் ஜெர்மானியர் நெருங்கியபோது, தாலியோ தம் இளம் மனைவி மதலேன் லெபோவுடன் லிஸ்பனுக்குத் தப்பினார். கையில் இருந்த சிலி நாட்டு விசா போலி என்று மெக்சிகோவில் போய்த்தான் தெரிந்தது. பிறகு கனடா கொடுத்த தற்காலிகப் பாஸ்போர்ட்டில் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார்கள். 'காசாபிளாங்கா'வில் விசாவுக்காக அலையும் அகதிகளைப் பார்க்கும்போது இதை நினைத்துக்கொள்ளுங்கள். அதில் கண்ணீரோடு பிரெஞ்சு தேசிய கீதமான 'லா மார்செய்யேஸ்' பாடும் பெண் லெபோதான்.

அங்கே பாரீசிலோ, 'யூதன் என்றால் இப்படித்தான் இருப்பான்' என்று காட்ட நாஜிகள் தாலியோவின் படத்தைச் சுவரொட்டியாக ஒட்டினார்கள். அவருடைய பெற்றோர் வதைமுகாமில் மாண்டார்கள்.

ஹாலிவுட்டில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் ஹோட்டல்காரர், நீதிபதி, சீமான் என்று சில நிமிட வேடங்கள். மர்லின் மன்றோவின் 1953ஆம் ஆண்டுப் படத்தில் வரும் பாரீஸ் நீதிபதி அவரே. 1955இல் 'காசாபிளாங்கா' தொலைக்காட்சித் தொடரானபோது, அந்தப் போலீஸ் கேப்டன் வேடம் அவருக்குக் கிடைத்தது. பதின்மூன்று ஆண்டுக்கு முன் பணத்தைக் கொடுத்த கை, இப்போது வாங்கும் கையானது.

போர் முடிந்ததிலிருந்தே பிரான்சிலும் நடித்துவந்தார். 1973இல் நகைச்சுவை நடிகர் லூயி த ஃபூனேஸ் நடித்த 'ரபி ஜாக்கோபின் சாகசங்கள்' (ரபி என்றால் யூத மதகுரு) பிரான்சையே வயிறு வலிக்கச் சிரிக்கவைத்தது. அதில் த ஃபூனேஸின் பாத்திரம் வேஷம் போட்டுத் திரிவது யாரைப் போல? நியூயார்க்கில் வாழும் ரபி ஜாக்கோபைப் போல. அந்த அசல் ரபி, தாலியோ. படம் தொடங்கும்போது, முப்பது ஆண்டு கழித்துப் பாரீசுக்குப் புறப்படும் அந்தக் கிழவரை வழியனுப்பத் தெருவே திரண்டு நிற்கிறது. நரைத்த தாடிக்குள் அதே பெரிய கண்கள்.

நன்றி. வணக்கம்.