சோறு போடுமா சதுரங்கம்?

நேயர்களுக்கு வணக்கம்.

பெரம்பூரில் ரயில்வே பணிமனையில் எழுத்தராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். சனிக்கிழமை மாலைகளில் காசிமேட்டில் ஒரு மாடி அறையில் பிள்ளைகளுக்குச் சதுரங்கம் சொல்லிக்கொடுக்கிறேன். சொல்லிக்கொடுக்கிறேன் என்பது கொஞ்சம் பெரிய வார்த்தை. 12 வயதுப் பையன் ஒருவன் மூன்று மாதமாக என்னைத் தோற்கடித்துக்கொண்டிருக்கிறான். எங்களிடம் ஆறு பலகைகள் இருக்கின்றன. ஒன்றில் கறுப்புக் குதிரை காணாமல் போய்விட்டது. அதன் இடத்தில் ஒரு தைலப் பாட்டில் மூடி நிற்கிறது. அதை நகர்த்தினால் விரலில் வாசனை ஒட்டிக்கொள்ளும். "தைலம் தாவப்போகிறது, ராணியை நகர்த்து" என்று பிள்ளைகள் ஒருவரையொருவர் எச்சரித்துக்கொள்வார்கள்.

அந்தப் பையனின் தாய் மீன் விற்பவர். விடியுமுன் துறைமுகத்தில் ஏலம் எடுத்து, வெயில் ஏறுவதற்குள் விற்று முடித்துவிடுவார். ஒரு சனிக்கிழமை மாடியேறி வந்தவர், காலிக் கூடையை இடுப்பிலிருந்து இறக்காமலே கேட்டார்: "சார், இந்த ஆட்டம் சோறு போடுமா?"

நான் சட்டென்று குகேஷின் பெயரைச் சொன்னேன். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் சீனாவின் டிங் லிரெனை வென்று, 18 வயதில் உலக சாம்பியன் ஆனவர். நம் சென்னைப் பிள்ளை. அந்த அம்மா முழுவதும் கேட்டுவிட்டு, "அது அந்தப் பிள்ளைக்குப் போட்டது சார். நான் என் பிள்ளைக்குக் கேட்கிறேன்" என்றார்.

உலகப் புகழ்பெற்ற சதுரங்க வீரர்களின் வாழ்க்கையைப் பற்றிப் பேச வேண்டும் என்று வானொலி நிலையத்தார் அழைத்தபோது, இந்தக் கேள்விதான் என் நினைவுக்கு வந்தது. யார் எந்தக் காயை எங்கே வைத்தார் என்பதற்குப் புத்தகங்கள் ஏராளம். அவர் காயை வைத்துக்கொண்டிருந்த நேரத்தில் வீட்டில் அடுப்பெரிய வழிசெய்தது யார் என்பதைத்தான் நான் தேடிப் படிப்பேன்.

முதல் உலக சாம்பியன் வில்ஹெல்ம் ஸ்டைனிட்ஸ். 1886இல் பட்டம் வென்றவர், 1900இல் நியூயார்க்கில் கையில் காசில்லாமல் இறந்துபோனார். இதை அந்த அம்மாவிடம் நான் சொல்லவில்லை. ஏலத்தில் முதல் கூடையே பழைய மீனாக இருந்தால் யார் அடுத்த கூடையைப் பார்ப்பார்கள்?

நான் சொன்னது சுல்தான் கானைப் பற்றி. இன்று பாகிஸ்தானில் இருக்கும் பஞ்சாபுக் கிராமம் ஒன்றில் பிறந்தவர். தந்தையிடம் கற்றது நம் நாட்டுச் சதுரங்கம். அதில் சிப்பாய் முதல் நகர்த்தலிலும் ஒரு கட்டம்தான் போகும். ஐரோப்பிய விதிகளை வளர்ந்த பிறகுதான் கற்றார். உமர் ஹயாத் கான் என்ற பெருநிலக்கிழார் 1929இல் அவரை லண்டனுக்கு அழைத்துச் சென்றார். போன அதே ஆண்டில் பிரிட்டிஷ் சாம்பியன்! 1932, 1933 ஆண்டுகளிலும் அவரே. நடுவில், முன்னாள் உலக சாம்பியன் காப்பபிளாங்காவை இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸில் வீழ்த்தினார். இத்தனையும் நான்கைந்து ஆண்டுகளுக்குள்.

அமெரிக்க ஆட்டக்காரர் ரூபன் ஃபைன், அந்த நிலக்கிழாரின் லண்டன் வீட்டுக்கு விருந்துக்குப் போனதை எழுதியிருக்கிறார். மேசையில் உணவு பரிமாறியவர் சுல்தான் கான். சாம்பியன் கையால் பரிமாறப்பட்டுச் சாப்பிடச் சங்கடமாக இருந்ததாம். அவர் வேலைக்காரர் என்ற சித்திரத்தை அவர் குடும்பத்தார் பிற்காலத்தில் மறுத்திருக்கிறார்கள். அந்தக் குரலையும் கேட்டுக்கொள்ள வேண்டியதுதான். ஆனால் 1933 இறுதியில் நிலக்கிழார் ஊர் திரும்பியதும் இவரும் திரும்பினார் என்பதில் சந்தேகமில்லை. அதோடு பெரிய போட்டிகள் முடிந்தன. சொந்த நிலத்தில் விவசாயம் பார்த்தார்; 1966இல் காலமானார். உலக சதுரங்கக் கூட்டமைப்பு அவருக்கு, ஆட்டத்தின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டரைக் கௌரவமாகக் கொடுத்தது 2024இல்.

"எங்களுக்கு மீன்பிடித் தடைக்காலம் 61 நாள். அவருக்கு ஆயுசு முழுக்கவா?" என்றார் அந்த அம்மா. தம் பிள்ளைகளுக்குச் சுல்தான் கான் ஆட்டம் சொல்லித்தரவில்லை, வாழ்க்கைக்கு உதவுகிற வேறு காரியம் ஏதாவது செய்யுங்கள் என்றார் என்று அவர் மகன் நினைவுகூர்ந்திருப்பதையும் சொன்னேன். சொல்லியிருக்கக் கூடாது. அடுத்த இரண்டு சனிக்கிழமைகளும் பையன் வரவில்லை.

மூன்றாம் வாரம் வந்தான். தாயும் கூட வந்தார். கீழே துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்று ஹாரன் அடித்துக்கொண்டிருந்தன. பலகை அதிர, காய்கள் கட்டத்தைவிட்டு நகர்ந்தன. "இந்த இரைச்சலில் எப்படி சார் யோசிப்பான்?" என்றார். எனக்குப் பெட்ரோசியன் கை கொடுத்தார்.

டிக்ரன் பெட்ரோசியன் ஜார்ஜியாவின் திபிலிசியில் பிறந்த ஆர்மீனியர். போர்க்காலத்தில் தாய் தந்தை இருவரையும் இழந்து, சிறுவனாகவே தெருக் கூட்டிப் பிழைத்தவர். காது கேட்பதும் அந்த வயதிலேயே மந்தமாகிவிட்டது. அந்தப் பையன் 1963இல் உலக சாம்பியன் ஆகி, ஆறு ஆண்டுகள் பட்டத்தை வைத்திருந்தான். 1971இல் ஸ்பெயினின் செவில் நகரில் ஜெர்மனியின் ஹூப்னரோடு மோதியபோது வெளியே தெருவில் ஒரே சத்தம். ஹூப்னர் தவித்தார். பெட்ரோசியன் காதுக் கருவியை அணைத்துவிட்டு நிம்மதியாக யோசித்தார். ஆறு ஆட்டங்கள் டிரா. ஏழாவதில் தோற்ற ஹூப்னர் போட்டியிலிருந்தே விலகிவிட்டார். இதைக் கேட்ட எங்கள் பிள்ளைகள் இப்போது லாரி வந்தால் காதைத் திருகி அணைப்பதுபோல் நடிக்கிறார்கள்.

சம்பள வேலையை விடாமல் ஆடியவர்களும் உண்டு. நெதர்லாந்தின் மாக்ஸ் யூவே கணக்கு வாத்தியார். 1935இல் அப்போதைய சாம்பியன் அலெக்கைனை வென்று உலக சாம்பியன் ஆனார். மூன்று முறை உலகப் பட்டம் வென்ற சோவியத் வீரர் போட்வினிக் மின்பொறியாளர். அந்த யூவேயை 1960இல் ஜெர்மனியின் லைப்சிக்கில், நாடுகள் அணிகளாக மோதும் ஒலிம்பியாடில் தோற்கடித்தவர் நம் மானுவேல் ஆரோன். பர்மாவில் பிறந்து தமிழ்நாட்டில் வளர்ந்தவர், வங்கி வேலை பார்த்தவர்; 1961இல் இந்தியாவின் முதல் சர்வதேச மாஸ்டர்; கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம் அது. சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் சோவியத் வீரர் தால் பெயரில் சதுரங்கக் கழகம் தொடங்கியதில் அவருக்குப் பெரும் பங்குண்டு. சிறுவன் ஆனந்த் அங்கேதான் போய் ஆடினான். என்னைக் கேட்டால், ஆரோனின் பெயரில் இந்நேரம் ஒரு பெரிய சாலை இருந்திருக்க வேண்டும். சரி, அது வேறு கதை.

"அப்படியானால் குகேஷுக்குச் சோறு போட்டது யார்?" என்று அந்த அம்மாவே திரும்பக் கேட்டார். குகேஷின் தந்தை காது மூக்கு தொண்டை மருத்துவர். மகனோடு ஊர் ஊராகப் போவதற்காகத் தொழிலை ஒதுக்கிவைத்தார். தாயின் சம்பளத்தில் வீடு நடந்தது. அந்த அம்மா தலையாட்டினார். அந்தக் கணக்கு அவருக்கு விளக்க வேண்டியதில்லை.

பிறகு சென்னையின் பாடியில் வளர்ந்த பிரக்ஞானந்தா. 2023இல் பாகுவில் உலகக் கோப்பை இறுதிவரை போய் நார்வேயின் கார்ல்சனிடம் தோற்றார். மகன் பேட்டி கொடுப்பதை ஓரத்தில் நின்று பார்க்கும் நாகலட்சுமி அம்மாளின் படத்தை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். வெளிநாடு போகும்போதெல்லாம் அவர் குக்கரும் அரிசியும் எடுத்துப்போய், தங்கும் அறையிலேயே மகனுக்குச் சோறு வடித்து ரசம் வைத்துக் கொடுக்கிறார் என்று பத்திரிகைகளில் வந்ததைச் சொன்னேன்.

அந்த அம்மா கூடையைக் கீழே இறக்கினார். "குக்கரை விமானத்தில் ஏற்ற விடுகிறார்களா சார்?"

பெட்டியில் வைத்து அனுப்பலாம் என்றேன்.

"எத்தனை பேருக்கு வடிக்கிற குக்கர்?"

தெரியவில்லை என்றேன். மகனுக்குப் பின்னால் தரையில் உட்கார்ந்து பலகையைப் பார்க்கத் தொடங்கினார். அவன் தைல மூடியை எடுத்து என் யானைக்கும் ராஜாவுக்கும் ஒருசேரக் குறிவைத்தான்.

நன்றி, வணக்கம்.